கருவிலே பூட்டிய விலங்கு

1619ஆம் ஆண்டு. வட அமெரிக்காவின் கீழைக் கரையிலே வர்ஜீனியா என்னும் ஆங்கிலக் குடியேற்றம். அவ்வாண்டு ஜூலைத் திங்கள் இறுதியில், ஜேம்ஸ்டவுன் தேவாலயத்திலே ஒரு மன்றம் கூடிற்று. குடியேறிய ஊர்களின் பேராளர்கள் வந்து அமர்ந்தனர். தங்களுக்கு வேண்டிய சட்டங்களைத் தாங்களே ஆக்கத் தலைப்பட்டனர். ஆங்கிலேயர் அமெரிக்க மண்ணிலே கண்ட முதல் மக்கள் மன்றம் அது.

ஒரு திங்கள் கழிந்தது. அதே வர்ஜீனியாவின் கரையிலே, 'ஆறுதல் முனை' என்று பெயரிடப்பட்ட இடத்திலே, ஒரு கப்பல் வந்து நின்றது. போர்ச்சுகீசியர் கப்பலொன்றைக் கடலிலே மடக்கி, அதிலிருந்து பறித்து வந்த 'சரக்கு' அதிலே இருந்தது. அந்தச் சரக்குக்குக் கண் இருந்தது, கண்ணீர் இருந்தது. தாய்நாடு இருந்தது, தாய்மொழி இருந்தது. அங்கோலா நாட்டிலே பிடிக்கப்பட்ட ஆப்பிரிக்க மக்கள், இருபதுக்குச் சற்று மேற்பட்டோர், உணவுப் பண்டங்களுக்கு ஈடாகக் கைமாறினர்.

ஆறுதல் முனையாம்! யாருக்கு ஆறுதல்?

உரிமை மன்றம் ஒரு திங்களிலே; மனித விற்பனை மறு திங்களிலே! அமெரிக்க வரலாற்றின் தொட்டிலிலே இந்த இரண்டு பிள்ளைகளும் ஒன்றாகவே கிடந்தன. அவற்றுள் எது வாழும், எது மாளும் என்ற வழக்கு முடிய இரண்டரை நூற்றாண்டு பிடித்தது. அந்த வழக்கின் தொடக்கத்தையே இங்கு நாம் எண்ணிப் பார்க்கிறோம்.

அடிமை முறையைக் காத்து நின்றோர் பிற்காலத்திலே என்ன சொன்னார்கள்? "இது இயற்கையின் ஏற்பாடு" என்றனர். "இறைவனின் கட்டளை" என்றனர். நோவா தன் பேரனுக்கு இட்ட சாபத்தை வேதப் புத்தகத்திலிருந்து எடுத்துக்காட்டி, கறுப்பு மக்கள் அந்தச் சாபத்தின் வழி வந்தோர், ஆகவே ஏவல் செய்யப் பிறந்தோர் என்றனர்.

நாம் கேட்கிறோம்: இயற்கையின் ஏற்பாடானால் சட்டம் எதற்கு? தண்ணீர் பள்ளம் நோக்கிப் பாயவேண்டுமென எந்த மன்றமும் சட்டம் இயற்றியதில்லை. நெருப்புச் சுடவேண்டுமென எந்த மன்னனும் ஆணை பிறப்பித்ததில்லை. ஆனால் கறுப்பன் அடிமையாக இருக்கவேண்டும் என்பதற்கு மட்டும் சட்டத்தின்மேல் சட்டம் தேவைப்பட்டது. ஒவ்வொன்றாகப் பார்ப்போம்.

1640ஆம் ஆண்டு வர்ஜீனியாவிலே மூன்று வேலைக்காரர்கள் எசமானனிடமிருந்து ஓடிப்போயினர். மூவரும் பிடிபட்டனர். மூவருக்கும் முப்பது கசையடி. அதுவரை நீதி ஒன்றுதான். பிறகு பிரிந்தது! ஒருவன் டச்சுக்காரன், ஒருவன் ஸ்காட்லாந்துக்காரன். அவ்விருவருக்கும் பணிக்காலம் நான்கு ஆண்டுகள் கூட்டப்பட்டது. மூன்றாமவன் ஜான் பஞ்ச் என்னும் கறுப்பன். அவனுக்கு வாழ்நாள் முழுதும் ஊழியம்! குற்றம் ஒன்று, ஓட்டம் ஒன்று. தோல் வேறு என்பதால் தீர்ப்பும் வேறு.

1656ஆம் ஆண்டு எலிசபெத் கீ என்னும் பெண் வழக்கு மன்றம் ஏறினாள். தாய் ஆப்பிரிக்க அடிமை, தந்தை ஆங்கிலேயர். "ஆங்கிலச் சட்டப்படி பிள்ளையின் நிலை தந்தையைப் பொறுத்தது, மேலும் நான் ஞானமுழுக்குப் பெற்றவள், எப்படி அடிமையாவேன்?" என்பதே அவள் வழக்கு. வென்றாள், விடுதலை பெற்றாள்.

ஒரு பெண் கண்ட வாயில்! அது திறந்திருந்தால் பல பேர் வெளியேறுவார்களே! ஆளவந்தோர் விரைந்து வந்து அடைத்தனர். 1662ஆம் ஆண்டுச் சட்டம் சொன்னது: பிள்ளையின் நிலை இனித் தாயின் நிலையே. அடிமைத் தாய் ஈன்ற குழந்தை அடிமை. தந்தையே எசமானனானாலும், பெற்ற பிள்ளை அவன் உடைமைக் கணக்கிலே ஒன்று கூடுமேயன்றி, அவன் குடும்பத்திலே ஒன்று கூடாது. தாயின் கருவிலே இருக்கும்போதே குழந்தையின் காலுக்கு விலங்கு பூட்டிய சட்டம் இது.

1667ஆம் ஆண்டுச் சட்டம் இரண்டாவது வாயிலையும் அடைத்தது. ஞானமுழுக்குப் பெற்றாலும் அடிமை அடிமையே! ஆன்மாவுக்கு விடுதலை உண்டு, அடிமைக்கு இல்லை என்பதே அதன் பொருள். 1669ஆம் ஆண்டு இன்னொன்று வந்தது: திமிரும் அடிமையை எசமானன் 'திருத்தும்போது' உயிர் போய்விட்டால் அது கொலைக்குற்றமன்று. ஏன்? தன் சொத்தைத் தானே வேண்டுமென்று அழித்துக்கொள்வானா எவனும் என்று வாதம்! 1705ஆம் ஆண்டிலே இவை போன்ற சட்டங்கள் திரட்டப்பட்டன. அடிமைகள் நிலபுலம் போன்ற சொத்து என்று எழுதப்பட்டது.

இடையிலே 1676ஆம் ஆண்டு, பேக்கன் என்பவர் தலைமையில் நடந்த கிளர்ச்சியிலே வெள்ளை ஏழையும் கறுப்பு அடிமையும் தோளோடு தோள் நின்று ஆளுநரை எதிர்த்தனர். ஜேம்ஸ்டவுன் நகரே தீக்கிரையாயிற்று. உழைப்போர் ஒன்றுபட்டால் என்ன நேரும் என்பதை எசமானர்கள் கண்ணாரக் கண்டனர். அதன்பின் வந்த சட்டங்கள் வெள்ளை ஏழைக்கும் கறுப்பு அடிமைக்கும் இடையிலே சுவரை மேலும் உயர்த்தின. வெள்ளை ஏழைக்கு வாழ்வு கிடைத்ததா? இல்லை. கீழே ஒருவன் இருக்கிறான் என்ற மகிழ்ச்சி மட்டும் கிடைத்தது!

இதுவா இயற்கை? ஆண்டு போட்டு, கையொப்பமிட்டு, அவையிலே நிறைவேற்றிய இயற்கை! பிறப்பால் தாழ்வு என்பது மனிதன் எழுதியது. எழுதிய நாளையும் நாம் சொல்ல முடிகிறது.

இதை எதிர்த்துக் குரல் எழவில்லையா? எழுந்தது. 1688ஆம் ஆண்டு பென்சில்வேனியாவின் ஜெர்மன்டவுன் என்னும் சிற்றூரிலே நான்கு பேர், குவேக்கர் சமயக் குழுவினர், ஒரு கண்டன ஓலை தீட்டினர். 'பிறர் நமக்கு எதைச் செய்யக்கூடாது என்று கருதுகிறோமோ அதை நாம் பிறர்க்குச் செய்யலாமா?' என்பதே அதன் சாரம். அந்த ஓலை என்னவாயிற்று? உள்ளூர்க் கூட்டம், "எமக்கு மிஞ்சிய செய்தி" என்று மேற்கூட்டத்துக்கு அனுப்பிற்று. மேற்கூட்டம் அதற்கும் மேலுள்ள ஆண்டுக் கூட்டத்துக்கு அனுப்பிற்று. ஆண்டுக் கூட்டம் அதைக் கிடப்பிலே போட்டது. கருணை பேசுவோரும் காசு என்றதும் எப்படி வாய் மூடுவர் என்பதற்கு வேறு சான்று வேண்டுமோ?

ஐம்பது ஆண்டு சென்றது. 1738ஆம் ஆண்டு, பர்லிங்டன் நகரிலே குவேக்கரின் ஆண்டுக் கூட்டம். அடிமைகளை வைத்திருந்த செல்வர்கள் பலர் அங்கே அடக்கமாக அமர்ந்திருந்தனர். எழுந்தார் பெஞ்சமின் லே. நான்கடி உயரம், கூன் விழுந்த முதுகு. அடிமைகள் உழைப்பிலே விளைந்த சர்க்கரையைத் தொடமாட்டேன் என்றிருந்தவர். கையிலே ஒரு நூல்; அதன் உள்ளே குடைந்து சிவந்த பழச்சாறு நிரப்பிய பையை ஒளித்து வைத்திருந்தார். உடன்பிறந்தாரை அடிமை செய்வோரின் குருதியை ஆண்டவன் இப்படிச் சிந்துவான் என்று முழங்கி, வாளால் அந்த நூலைக் குத்தினார். செஞ்சாறு சிதறி அருகிருந்தோர் ஆடைகளிலே தெறித்தது. அவரைத் தூக்கி வெளியே போட்டனர்.

பித்தர் என்றனர். ஆனால் இருபது ஆண்டு கழித்து, 1758இல், அதே சமயக் குழு, அடிமைகளை வாங்குவோரையும் விற்போரையும் கண்டிக்கத் தீர்மானித்தது. 1776இல், அடிமை வைத்திருப்போருக்குக் குழுவிலே இடமில்லை என்றது. பித்தர் சொன்னது இறுதியிலே சட்டமாயிற்று. லே, 1758இன் செய்தியைக் காதாரக் கேட்டு, மறு ஆண்டு மறைந்தார்.

1776 என்றதும் இன்னொன்று நினைவுக்கு வரும். அமெரிக்க விடுதலைச் சாசனம்! மனிதர் யாவரும் சமமாகவே படைக்கப்பட்டனர் என்று உலகறிய முழங்கிய சாசனம். தீட்டியவர் தாமஸ் ஜெபர்சன். அவர் தம் வாழ்நாளிலே அறுநூறு பேருக்கு மேற்பட்டோரை அடிமைகளாக வைத்திருந்தவர். அடிமை வாணிகத்தைக் கண்டித்து அவர் எழுதிய பகுதியையும் அவை வெட்டியெறிந்தது. சமத்துவம் என்ற சொல் தாளிலே நின்றது. சாட்டை தோட்டத்திலே நின்றது.

ஆயினும் சொல்லுக்கு ஓர் ஆற்றல் உண்டு. சொன்னவன் மறந்தாலும், கேட்டவன் மறப்பதில்லை. 1773 தொடங்கியே மாசாசூசெட்ஸ் பகுதியின் கறுப்பு மக்கள் ஆட்சியாளருக்கு விண்ணப்பம் விடுத்தவண்ணம் இருந்தனர். 1777இல் பிரின்ஸ் ஹால் முதலானோர் கையெழுத்திட்ட விண்ணப்பம், இங்கிலாந்தை எதிர்க்க நீங்கள் எடுத்த வாதம் எல்லாம் எங்களுக்கன்றோ முதலில் பொருந்தும் என்று கேட்டது. விடை வரவில்லை. விடையை ஒரு பெண் வரவழைத்தாள்.

அதே மாசாசூசெட்ஸின் ஷெப்பீல்டு ஊரிலே கர்னல் ஜான் ஆஷ்லி என்றொரு பெரும் செல்வர். அவரே ஒரு நீதிபதி. 1773ஆம் ஆண்டு, மனிதர் சமமானவர், உரிமையுடையவர் என்று அறிவித்த ஊர்த் தீர்மானம் அவர் மாளிகையிலேதான் எழுதப்பட்டது. அந்த மாளிகையிலே அடிமையாகப் பணி செய்தவள் பெட். எழுத்தறியாதவள். ஒரு நாள் எசமானி, காய்ச்சிய இரும்புக் கரண்டியை ஓங்கி அங்கிருந்த ஓர் இளம் பெண்ணை அடிக்கப் போனாள். பெட் குறுக்கே பாய்ந்து அந்த அடியைத் தன் கையிலே ஏற்றாள். எலும்பு தெரியும் புண். ஆறிய பின்னும் அந்தத் தழும்பை அவள் மூடவில்லை. யாரேனும் கேட்டால் "எசமானியைக் கேளுங்கள்" என்பாளாம்.

1780ஆம் ஆண்டு மாசாசூசெட்ஸ் தனக்கென ஓர் அரசியல் சட்டம் வகுத்தது. அதன் முதல் விதியே, மனிதர் யாவரும் பிறப்பால் உரிமையுடையோர், சமமானோர் என்றது. அந்தப் பேச்சு பெட்டின் காதிலே விழுந்தது. தியடோர் செட்ஜ்விக் என்னும் வழக்கறிஞரிடம் போனாள். நான் ஊமைப் பிராணி அல்லளே, அந்தச் சட்டம் எனக்கும் உரியதன்றோ என்பதே அவள் கேள்வி. 1773இன் தீர்மானத்தை எழுதியதிலே பங்கு கொண்டவர் அந்தச் செட்ஜ்விக். எழுதியவர் முன்னே வந்து நின்றது, எழுத்து!

1781 ஆகஸ்டு. கிரேட் பாரிங்டன் வழக்கு மன்றம். பெட்டும், பிராம் என்னும் மற்றோர் அடிமையும் ஒருபுறம். கர்னல் ஆஷ்லி மறுபுறம். நடுவர் குழுவிலே இருந்தோர் வெள்ளையரே. இருவரும் ஆஷ்லியின் அடிமைகள் அல்லர் என்று தீர்ப்பு வந்தது. முப்பது ஷில்லிங் ஈடும் கொடுக்கச் சொன்னது மன்றம். பெட், எலிசபெத் பிரீமன் ஆனாள். பிரீமன் என்றால் உரிமை மனிதர்!

1783இல் குவாக் வாக்கர் என்பவரின் வழக்கிலே தலைமை நீதிபதி வில்லியம் குஷிங், அடிமை முறை இந்த அரசியல் சட்டத்தோடு பொருந்தாது என்று நடுவர்களிடம் எடுத்துரைத்தார். 1790ஆம் ஆண்டுக் குடிக்கணக்கிலே மாசாசூசெட்ஸில் அடிமை என்று ஒருவரும் குறிக்கப்படவில்லை. அடிமை முறைக்கு 1641லேயே சட்டத்திலே இடம் தந்த குடியேற்றம் அது!

முழு வெற்றியா? இல்லை. பென்சில்வேனியா 1780இல் விடுதலைச் சட்டம் இயற்றிற்று. ஆனால் அன்று அடிமையாக இருந்த ஒருவரையும் அது உடனே விடுவிக்கவில்லை. இனிப் பிறக்கும் பிள்ளைகளுக்கே விடுதலை. அதுவும் 28 வயது வரை உழைத்த பிறகு! 1787இல் தீட்டிய நாட்டு அரசியல் சட்டமோ அடிமை என்ற சொல்லையே எழுதக் கூசிற்று; ஆனால் செயலுக்குக் கூசவில்லை. ஐந்து அடிமைகளை மூன்று பேராகக் கணக்கிட்டு, அந்தக் கணக்கால் எசமானர்க்கு மன்றத்திலே இடங்களைக் கூட்டிக் கொடுத்தது. தப்பியோடியவரைப் பிடித்துத் தர வேண்டுமென்றது. அடிமை இறக்குமதியை 1808 வரை தடுக்கக் கூடாதென்றது.

1790இல் பெஞ்சமின் பிராங்க்ளின், ஒரு காலத்திலே தாமே அடிமை வைத்திருந்தவர், தம் ஏட்டிலே அடிமை விற்பனை விளம்பரம் வெளியிட்டவர், மனம் மாறி, அடிமை ஒழிப்புக் கழகத் தலைவராக நாட்டு மன்றத்துக்கு விண்ணப்பம் விடுத்தார். "மாநிலங்களின் அடிமை முறையிலே தலையிட எமக்கு அதிகாரமில்லை" என்று மன்றம் கைவிரித்தது. அவ்வாண்டு ஏப்ரலிலே பிராங்க்ளின் மறைந்தார்.

விளைவு? 1793இல் பருத்தி அரைக்கும் பொறி வந்தது. தெற்கே பருத்தி பெருகிற்று, பருத்தியோடு அடிமையும் பெருகிற்று. 1790இல் ஏறத்தாழ 7 இலட்சமாக இருந்த அடிமைகள் 1860இல் ஏறத்தாழ 40 இலட்சம்! 1787இல் மன்றத்திலே தீர்க்க மறுத்த வழக்கை 1861 முதல் 1865 வரை போர்க்களத்திலே தீர்க்க நேர்ந்தது. ஆறு இலட்சம் உயிருக்கு மேல் விலை கொடுத்த பிறகே, 1865 டிசம்பரிலே, அடிமை முறையை ஒழித்த பதின்மூன்றாவது திருத்தம் சட்டமாயிற்று. காலந்தாழ்ந்த நீதி வட்டியோடு வாங்கிற்று, குருதியை!

அந்தப் போராட்டத்தின் ஒலி நம் நாட்டையும் எட்டியது. 1873இல் மராட்டியத்துச் சீர்திருத்தச் செம்மல் ஜோதிராவ் புலே, 'குலாம்கிரி' என்னும் தம் நூலை, அடிமை ஒழிப்புக்காகத் தன்னலமின்றி உழைத்த அமெரிக்க நன்மக்களுக்கே காணிக்கையாக்கினார். பிறப்பின் பேரால் பூட்டும் விலங்கு எங்கிருந்தாலும் ஓரினம் என்பதை அவர் உணர்ந்திருந்தார்.

நாம் எண்ணிப் பார்க்க வேண்டியது இதுதான். சமத்துவம் என்று எழுதியவர் பலர், பேசியவர் பலர், அதற்காகக் கைதட்டியவர் பலர். எழுதியது தனக்கும் பொருந்துமா என்று கேட்டுப் படியேறியவள் ஒருத்தி. அவளுக்கு எழுத்துத் தெரியாது. எழுத்தின் பொருள் தெரிந்தது. விடுதலைக்குப் பின் அவள் கூலி பெற்று உழைத்தாள், சேமித்தாள், தனக்கென ஒரு வீடு வாங்கினாள்; 1829 டிசம்பரிலே உரிமை மனிதராகவே கண் மூடினாள். ஒரு காலத்திலே சொத்தாக இருந்தவள், சொத்துக்கு உரியவளாக மறைந்தாள்.

கருவிலே பூட்டிய விலங்கையும் கழற்றலாம். பூட்டியவன் மனிதன்தான் என்பதை முதலில் அறிந்துகொள்ள வேண்டும்.