ஆசிரியர் தகுதித் தேர்வும் அறமன்றத் தீர்ப்பும்

மாணவரை அளந்து மதிப்பெண் இடுவது ஆசிரியர் கடன். அவ்வாசிரியரை அளக்கும் கோல் எது என்ற வினா தமிழ்நாட்டில் எழுந்து, இந்திய உச்சநீதிமன்றம் வரை சென்றது.

இந்தியாவில் இலவச கட்டாயக் கல்வி உரிமைச் சட்டம் 2009-ஆம் ஆண்டு இயற்றப்பெற்றது. அதன் வழியில், ஒன்று முதல் எட்டு வரையுள்ள வகுப்புகளுக்கு ஆசிரியராக வருவோர் தகுதித் தேர்வில் தேற வேண்டும் என 2010-இல் விதி பிறந்தது. 150 மதிப்பெண்ணில் 60 விழுக்காடு, அதாவது 90 பெறுதல் வேண்டும். தமிழ்நாட்டில் முதல் தேர்வு 2012 ஜூலையில் நடந்தது. தேறியவர் நூற்றுக்கு ஒருவர்கூட இல்லை. அக்டோபரிலேயே மறுதேர்வு நடத்த நேர்ந்தது.

தேறியவருள் யாரை நியமிப்பது? அவ்வாண்டு அக்டோபரில் வெளியான 252-ஆம் அரசாணை இதற்கு ஒரு முறை வகுத்தது. பட்டதாரி ஆசிரியர்க்குத் தகுதித் தேர்வுக்கு 60, மேல்நிலைக் கல்விக்கு 10, பட்டப்படிப்புக்கு 15, ஆசிரியப் பயிற்சிக்கு 15 என மொத்தம் நூறு. ஆயினும் இவற்றைப் படிக்கட்டுப் போல் வகுத்ததில்தான் குறை புகுந்தது. தகுதித் தேர்வில் 60 விழுக்காட்டுக்கு மேல் 70-க்குள் பெற்றவர் அனைவர்க்கும் 42; 70 விழுக்காட்டைத் தொட்டவர்க்கு 48. எனவே 90 மதிப்பெண் பெற்றவரும் 104 பெற்றவரும் ஒரே தட்டில் நின்றனர். 105 பெற்றவரோ ஆறு மதிப்பெண் முந்தினார். பதினான்கு மதிப்பெண்ணுக்குப் பயனில்லை; ஒரு மதிப்பெண்ணுக்கு ஆறு மடங்கு பயன்!

வழக்கை விசாரித்த சென்னை உயர்நீதிமன்றம் 2014 ஏப்ரலில் இம்முறையை ஏற்க மறுத்தது. மே மாதம் வந்த 71-ஆம் அரசாணை, பெற்ற விழுக்காட்டுக்கு நேர்விகிதமாகக் கணக்கிடப் பணித்தது. இதன்படி 90-க்கு 36, 104-க்கு 41.6, 105-க்கு 42 என அமைந்தது. ஆனால் வேறொரு முறையீடு எழுந்தது. மதிப்பெண்ணைத் தாராளமாக வழங்காத முற்காலத்தில் பயின்றோர், பள்ளி, கல்லூரி மதிப்பெண்களால் இளையோர்க்குப் பின்தங்கினர்.

இதற்கிடையே, 2014 பிப்ரவரியில் வந்த 25-ஆம் அரசாணை இடஒதுக்கீட்டுப் பிரிவினர்க்கு ஐந்து விழுக்காடு தளர்த்தி, 82 பெற்றாலே தேர்ச்சி என்றது. 2013 ஆகஸ்டில் நடந்து முடிந்த தேர்வுக்கும் அது பொருந்தியதால், முன்பே 90 பெற்றுத் தேறியோர் எதிர்த்தனர். மதுரைக் கிளை அவ்வாணையை நீக்கியது; சென்னை அமர்வோ அது செல்லும் என்றது.

முரண்பட்ட இத்தீர்ப்புகளை உச்சநீதிமன்றம் 2016 நவம்பர் 9-இல் ஆராய்ந்து முடிவு கூறியது. தளர்வுக்குத் தேசிய ஆசிரியர் கல்விக் குழுமத்தின் நெறிமுறையே இடந்தருகிறது. கணக்கிடும் முறை அரசின் கொள்கை சார்ந்தது என்று கொண்டு, இரண்டு அரசாணைகளையும் நிலைநிறுத்தியது.

வழக்கில் வென்ற அம்முறையும் நெடிது நிலைக்கவில்லை. தகுதித் தேர்வில் தேறியவர்க்கு நியமனத்தின் பொருட்டுத் தனிப் போட்டித் தேர்வு வைக்க 2018-இல் அரசு ஆணையிட்டது. ஓர் அளவுகோல் சட்டத்துக்கு உட்பட்டதா என்பதையே மன்றம் கூறும். நல்லாசிரியரை அது காட்டுமா என்பதைக் கூறவேண்டியவர் கல்வியாளரே.