உதிர்ந்த ஈறுகளைக் காத்த கற்கள்

அயர்லாந்தின் தென்மேற்குக் கோடியில், கெர்ரி மாவட்டத்துப் புல்வெளிகளில் ஆங்காங்கே நெட்டுக்குத்தாக நட்ட கற்கள் நிற்கின்றன. எழுத்தைத் தேடி முகப்பைப் பார்த்தால் ஏமாற்றம்தான். கல்லின் விளிம்பைத் தடவ வேண்டும். குறுக்கும் சாய்வுமாக வெட்டிய கோடுகளும் இடையிடையே சிறு பள்ளங்களும் விரலில் தட்டுப்படும். கீழிருந்து மேலாகப் படிக்க வேண்டும். விளிம்பைத் தாண்டிச் செல்லும் ஒற்றைச் சாய்கோடு ‘ம்’. ஒரு பள்ளம் ‘அ’. ஒரு பக்கமாக ஐந்து கோடுகள் ‘க்வ்’. ஐந்து பள்ளங்கள் ‘இ’. கூட்டிப் படித்தால் ‘மக்வி’, அதாவது ‘மகனுடைய’. நம் ‘மகன்’ நினைவுக்கு வருவது இயல்பு; ஆனால் அது தற்செயலான ஒலியொற்றுமை, இரண்டுக்கும் உறவில்லை. உண்மையான வாரிசு மக்கார்த்தி, மக்டொனால்ட் போன்ற பெயர்களின் தலையில் நிற்கும் ‘மக்’.

இந்த எழுத்துக்கு ஓகம் என்று பெயர். ஐந்தைந்தாக நான்கு குடும்பங்கள், ஆக 20 எழுத்துகள். லத்தீன் எழுத்தை அறிந்தவர்களே இதை வகுத்திருக்க வேண்டும் என்பது அறிஞர் பலரின் முடிவு. கி.பி. 4ஆம் நூற்றாண்டு முதல் 7ஆம் நூற்றாண்டு வரை வெட்டப்பட்ட கற்களில் சுமார் 400 கிடைத்துள்ளன. கெர்ரி, கார்க், வாட்டர்ஃபோர்ட் மாவட்டங்களில்தான் அவை செறிந்திருக்கின்றன. ஐரிஷ் மக்கள் குடியேறிய வேல்ஸிலும் மான் தீவிலும்கூட உண்டு.

ஐரிஷ் மரபு ஓகத்தைப் பேச்சோடு சேர்த்தே நினைவில் வைத்திருக்கிறது. இதைப் படைத்தவன் ஓக்மா, பேச்சிலும் கவிதையிலும் வல்லவன் என்கிறது இடைக்கால ஓகம் நூல். எழுத்துக்குத் தந்தை ஓக்மா. தாய் அவன் கை, அல்லது அவன் கத்தி. கி.பி. 2ஆம் நூற்றாண்டில் கிரேக்க மொழியில் எழுதிய லூசியன், இன்றைய பிரான்ஸ் பகுதியான கால் நாட்டில் கண்டதாக ஓர் ஓவியத்தை விவரிக்கிறார். ஓக்மியோஸ் என்னும் கிழவனின் நாக்கிலிருந்து மெல்லிய சங்கிலிகள் கிளம்பிக் கேட்போரின் காதுகளில் கோத்திருக்கின்றன. கூட்டம் மகிழ்ச்சியோடு அவன் பின்னால் போகிறது. இரு பெயர்களையும் ஒன்றென்று சொல்ல ஒலி விதிகள் எளிதில் இடம் கொடுப்பதில்லை. ஆனாலும் சொல்வன்மைக்கு இதைவிட அழகான உருவம் கிடைப்பது அரிது.

மொழி ஆய்வாளருக்குப் புதையல், கற்களில் வெட்டிய பெயர்களின் கடைசி அசையில் இருக்கிறது. பெரும்பாலான கற்களில் பெயர் ஆறாம் வேற்றுமையில் நிற்கிறது: ‘இன்னார் மகன் இன்னாருடைய’. எது என்பது தொக்கி நிற்கிறது. கல் கண்ணெதிரே இருக்கிறதே! கெர்ரியின் கிராக் என்னும் ஊர்க் கல்லில் ‘வெலிதாஸ்’ என்ற சொல் உண்டு. ‘புலவனுடைய’ என்று பொருள். பின்வந்த ‘பழைய ஐரிஷ்’ மொழிக்கட்டத்தில் அதே சொல் ‘ஃபிலெத்’. வாட்டர்ஃபோர்டின் அர்ட்மோர் கல்லில் உள்ள ‘லுகுதெக்காஸ்’, ஏடுகளில் ‘லுய்க்தெக்’ ஆகிறது. நான்கு அசை இரண்டாயிற்று.

நம் இலக்கணக்காரர் இதை ஈறுகெடுதல் என்பார்கள். முதல் அசையில் அழுத்தம் விழும் மொழி அது. கடைசி அசைகள் தேய்ந்து கி.பி. 500ஐ ஒட்டி உதிர்ந்தன. 6ஆம் நூற்றாண்டின் நடுவில் சொல்லின் இடையிலிருந்த உயிர்களும் கெட்டன. ‘க்வ்’ ஒலி ‘க்’ ஒலியில் கலந்தது. பிந்திய கற்களில் ‘மக்வி’ ‘மகி’யாகிறது. நான்கைந்து தலைமுறைக்குள் ஒரு மொழி இவ்வளவு மாறியது வியப்புக்குரியது. கல்வெட்டியவர்களோ, வாய் மாறிய பிறகும் பழைய எழுத்துமுறையைச் சிலகாலம் விடவில்லை. அதனால் ஈறு இருப்பதை மட்டும் வைத்து ஒரு கல்லின் வயதை உறுதியாகச் சொல்ல முடியாது.

வேல்ஸில் 1895இல் தெரியவந்த காஸ்டெல் துவிரன் கல் இன்னொரு சாட்சி. முகப்பில் லத்தீன் எழுத்தில் ‘வொத்தெபோரிகிஸ்’; விளிம்பில் ஓகத்தில் ‘வொத்தெகோரிகஸ்’. ஒரே ஆள், ஒரே கல். ஓகத்தின் மூல எழுத்துகள் இருபதில் ‘ப்’ கிடையாது, ஏனெனில் அன்றைய ஐரிஷ் வாயில் அந்த ஒலியே இல்லை. பிரித்தானியர் ‘ப்’ என்ற இடத்தில் ஐரிஷ்காரர் ‘க்’ என்றார்கள். அண்டை வீட்டார் இருவரின் உச்சரிப்பு ஒரே கல்லில் பதிந்துவிட்டது.

பண்டைய ஐரிஷ் சட்ட நூல்களில் இக்கற்களுக்கு மற்றொரு வேலையும் உண்டு. நிலத்தகராறு வந்தால், நட்ட கல்லில் உள்ள ஓகம் நிலவுரிமைக்குச் சாட்சியாக ஏற்கப்பட்டது. செத்தவன் பெயர் வழக்கு மன்றத்தில் பேசியது.

பிற்காலத்தார் பல கற்களைப் பிடுங்கி நிலவறைகளுக்குக் கூரைக்கல்லாகப் போட்டார்கள். அழிவென்று தோன்றினாலும், மழையும் பாசியும் படாமல் எழுத்து பிழைத்துக்கொண்டது. டப்ளின் உயராய்வு நிறுவனத்தார் இக்கற்களில் பலவற்றை முப்பரிமாணத்தில் படமெடுத்துச் சேமித்திருக்கிறார்கள். ஒளியைப் பக்கவாட்டில் பாய்ச்சினால், தேய்ந்துபோன விளிம்பிலும் அந்த ஐந்து கோடுகள் மங்கலாக மேலெழும்.