கொல்கத்தா வானில் குறைந்துவரும் விண்மீன்கள்: ஒளி மாசு எவ்வாறு பார்வையை மறைக்கிறது?

கொல்கத்தா: சௌரங்கி சாலையோரம், விக்டோரியா நினைவகத்துக்கு அருகே, சாஞ்சி தூபியின் வடிவில் எழுந்து நிற்கிறது எம்.பி. பிர்லா கோளரங்கம். 1962ஆம் ஆண்டு காட்சிகளைத் தொடங்கி, 1963 ஜூலை 2ஆம் தேதி பிரதமர் ஜவஹர்லால் நேருவால் முறைப்படி திறந்துவைக்கப்பட்ட இந்த அரங்கில் விளக்குகள் அணைந்ததும் ஆயிரக்கணக்கான விண்மீன்களும் பால்வீதியும் குவிமாடத்தில் தோன்றும். காட்சி முடிந்து வெளியே வருபவரின் தலைக்கு மேல் விரியும் உண்மையான வானத்தில் அவற்றில் மிகப் பெரும்பாலானவை தென்படுவதில்லை. அவை எங்கும் போய்விடவில்லை. நகரின் வெளிச்சம் அவற்றை மறைத்திருக்கிறது.

தேவையற்ற இடத்தில், தேவையற்ற நேரத்தில், தேவைக்கு மிஞ்சிய அளவில் பரவும் செயற்கை ஒளியே ஒளி மாசு எனப்படுகிறது. கண்ணைக் கூசவைக்கும் விளக்கு, பக்கத்து வீட்டுச் சன்னல் வழியே புகும் வெளிச்சம் ஆகியவையும் இதில் அடங்கும். விண்மீன்களைப் பொறுத்தவரை முதன்மையான எதிரி, நகரத்தின் மேல் கவிழ்த்த கூடை போல் நிற்கும் வான் ஒளிர்வு.

எண்ணிக்கை எப்படிச் சரிகிறது?

விண்மீன்களின் வெளிச்சத்தை வானியலாளர்கள் பொலிவு எண் கொண்டு அளக்கின்றனர். எண் கூடக்கூட விண்மீன் மங்கலானது. முற்றிலும் இருண்ட இடத்தில், நல்ல கண்பார்வை உள்ளவர் ஆறு அல்லது ஆறரை வரையிலான பொலிவு எண் கொண்டவற்றைக் காணலாம். வானம் முழுவதிலும் அத்தகையவை ஏறத்தாழ 9,000. அடிவானத்துக்கு மேல் ஒரு நேரத்தில் இருப்பது அதில் பாதி.

எல்லை சற்று சுருங்கினாலும் இழப்பு பெரிது. பொலிவு எண் நான்கு வரை எனில் முழு வானத்திலும் 500 அளவில்தான் மிஞ்சும். மூன்று எனில் 170 அளவு. அதிலும் பாதி அடிவானத்துக்குக் கீழே. மங்கலான விண்மீன்களே வானில் மிக அதிகம் என்பதால், வெளிச்சம் முதலில் பெரும்பான்மையைத்தான் அழிக்கிறது. அமெரிக்க விண்நோக்கர் ஜான் போர்ட்டில் 2001ஆம் ஆண்டு வெளியிட்ட ஒன்பது படி அளவுகோலில் கடைசிப் படி பெருநகர மையத்து வானம். அங்கு சந்திரன், கோள்கள், சில பிரகாசமான விண்மீன்கள் தவிர வேறு எதையும் நம்பிப் பார்க்க இயலாது.

தமிழ் வாசகர்களுக்கு இதை விளக்க இரண்டு பெயர்கள் போதும். ஒன்று அருந்ததி. திருமணத்தில் அம்மி மிதித்து அருந்ததி பார்க்கும் சடங்கில் சுட்டப்படும் அந்த விண்மீன், சப்தரிஷி மண்டலத்தில் வசிஷ்டருக்கு அருகில் உள்ளது. அதன் பொலிவு எண் 4. வசிஷ்டர் பெருநகரிலும் தெரிவார்; அருந்ததி பெரும்பாலும் தெரிய மாட்டாள். மற்றொன்று கார்த்திகை. இருண்ட வானில் ஆறு மீன்களாகப் பிரிந்து தெரியும் இக்கூட்டத்தில் மிகப் பிரகாசமானதே ஏறத்தாழ 2.9 அளவில்தான் இருக்கிறது. மற்றவை மூன்றரைக்கு அப்பால். வங்காளத்தில் 'கிருத்திகா' என்றழைக்கப்படும் அதே கூட்டம், நகர வானில் தனித்தனி மீன்களாக அல்லாமல் ஒரு மங்கல் திட்டாகச் சுருங்கிவிடுகிறது.

காற்றே திரையாகும் விதம்

விளக்கிலிருந்து நேரடியாக மேலே செல்லும் ஒளியும், சாலையிலும் சுவரிலும் பட்டு எதிரொளிக்கும் ஒளியும் காற்று மூலக்கூறுகளாலும் தூசு, புகை, நீர்த்துளிகளாலும் சிதறடிக்கப்படுகின்றன. அதில் ஒரு பகுதி மீண்டும் கீழ்நோக்கி வருகிறது. விண்மீனின் ஒளி குறையாமல் வந்தாலும் அதன் பின்னணி வெளுத்துவிடுவதால் கண்ணால் பிரித்தறிய இயலாமல் போகிறது. பகலில் விண்மீன்கள் தெரியாததற்கும் இதுவே காரணம்.

ஒளிச்சிதறல் குறித்த ஆய்வில் கொல்கத்தாவுக்குத் தனி இடம் உண்டு. திருச்சிராப்பள்ளியில் பிறந்த சி.வி. ராமன், பௌபஜாரில் அப்போது இயங்கிவந்த இந்திய அறிவியல் வளர்ச்சிக் கழகத்தில்தான் ஒளிச்சிதறலை ஆராய்ந்து, 1928 பிப்ரவரி 28ஆம் தேதி தம் பெயரால் அழைக்கப்படும் விளைவைக் கண்டறிந்தார். வான் ஒளிர்வுக்குக் காரணமானது ராமன் விளைவு அன்று. ரேலி விளக்கிய எளிய சிதறல். அதன்படி அலைநீளம் குறையும்போது சிதறல் நான்காம் படியில் பெருகும். எல்இடி விளக்கின் நீல உச்சம் ஏறத்தாழ 450 நானோமீட்டர்; பழைய சோடியம் விளக்கின் மஞ்சள் 589 நானோமீட்டர். மூலக்கூறுகள் மஞ்சளைக் காட்டிலும் நீலத்தை ஏறத்தாழ மூன்று மடங்கு அதிகமாகச் சிதறடிக்கும்.

இதனுடன் கங்கைச் சமவெளியின் குளிர்காலப் புகைமூட்டமும் ஹூக்ளி ஆற்றங்கரையின் ஈரப்பதமும் சேர்கின்றன. புகைத் துகள்கள் எல்லா நிறங்களையும் சிதறடித்து, விண்மீன் ஒளியையும் வழியிலேயே மங்கச் செய்கின்றன. காற்று மாசும் ஒளி மாசும் இங்கு கைகோத்துச் செயல்படுகின்றன.

எண்ணெய் விளக்கிலிருந்து திரிசூல விளக்கு வரை

எண்ணெய் விளக்குகளால் ஒளியூட்டப்பட்ட கொல்கத்தா வீதிகளுக்கு 1857இல் ஓரியண்டல் கேஸ் கம்பெனியின் வாயு விளக்குகள் வந்தன. 1879 ஜூலை 24ஆம் தேதி நகரில் மின்விளக்கு செய்முறைக் காட்சி நடத்தப்பட்டது. 1899 ஏப்ரலில் இமாம்பாக் சந்தில் அமைந்த நிலையத்திலிருந்து மின் விநியோகம் தொடங்கியது. அதற்குப் பின் நகரம் வேண்டுமென்றே இருளில் மூழ்கிய காலம் ஒன்று உண்டு: இரண்டாம் உலகப் போர். 1942 டிசம்பர் 20 அன்று முதல் ஜப்பானிய குண்டுவீச்சு நடந்த நாட்களில் விளக்குகள் மறைக்கப்பட்டன. அச்சத்தால் வந்த இருளை எவரும் விரும்பியிருக்க முடியாது. எனினும் அந்நாட்களில் நகர வானம் இருண்டு கிடந்தது.

கடந்த பதினைந்து ஆண்டுகளில் அழகுபடுத்தலும் எல்இடி மாற்றமும் ஒன்றாக நிகழ்ந்தன. மூன்று தலைகள் கொண்ட திரிசூல விளக்குகள் சாலையோரங்களில் நிறுத்தப்பட்டன. விளக்குக் கம்பங்களில் நீல-வெள்ளை ஒளிக்கயிறுகள் சுற்றப்பட்டன. 2020 ஜனவரி 11 அன்று ஹவுரா பாலத்தின் புதிய வண்ண ஒளியூட்டலைப் பிரதமர் நரேந்திர மோடி தொடங்கிவைத்தார். இருண்ட சாலை பெண்களுக்கும் பாதசாரிகளுக்கும் ஆபத்தானது என்பதால் தெருவிளக்கின் தேவையை யாரும் மறுக்க முடியாது. ஆனால் சாலையை நோக்காமல் பக்கவாட்டிலும் மேலும் ஒளி வீசும் அலங்கார விளக்கு, நடப்பவருக்கும் உதவுவதில்லை, மின் கட்டணத்தையும் குறைப்பதில்லை.

துர்கா பூஜை நாட்களில் சந்தன்நகர் கலைஞர்களின் விளக்கு வேலைப்பாடுகள் உலகறிந்தவை. 2021 டிசம்பரில் அவ்விழா யுனெஸ்கோவின் மரபுப் பட்டியலில் இடம்பெற்றது. சில நாள் திருவிழா ஒளியை மாசின் மையமாகக் காட்டுவது பொருந்தாது. ஆண்டின் மற்ற இரவுகளிலும் விடிய விடிய எரியும் விளம்பரப் பலகைகளே பெரிய சிக்கல். அதே வங்காளத்தில் கார்த்திக் மாதத்தில் மூங்கில் உச்சியில் 'ஆகாஷ் பிரதீப்' எனும் ஒற்றை விளக்கை ஏற்றி முன்னோருக்கு வழிகாட்டும் மரபும் இருந்துவருகிறது. ஒற்றைச் சுடர் தொலைவிலிருந்து தெரிய, சுற்றிலும் இருள் இருக்க வேண்டும்.

பாராசாத்தில் வாழ்ந்த விண்நோக்கர்

ஒளி மாசால் என்ன இழப்பு என்று கேட்போருக்கு ராதாகோவிந்த சந்திரரின் வாழ்க்கை விடை தரும். 1878இல் இன்றைய வங்கதேசத்தின் ஜெஸ்ஸோர் பகுதியில் பிறந்த அவர், பள்ளி இறுதித் தேர்வில் தேறாதவர். அரசுக் கருவூலத்தில் எளிய பணி செய்தவர். 1918 ஜூனில் கழுகு மண்டலத்தில் திடீரெனப் பொலிந்த புதுமீனை வெறும் கண்ணால் கண்டார். அந்த அவதானிப்பு அவரை அமெரிக்க மாறொளி விண்மீன் நோக்கர் சங்கத்துடன் இணைத்தது. பொலிவு மாறும் விண்மீன்களை இரவுதோறும் அளந்து 37,000க்கும் மேற்பட்ட பதிவுகளை அச்சங்கத்துக்கு அனுப்பினார். அவர் உழைப்பை மதித்து அச்சங்கம் ஆறங்குலத் தொலைநோக்கி ஒன்றை அனுப்பிவைத்தது.

நாட்டுப் பிரிவினைக்குப் பின் கொல்கத்தாவுக்கு அருகிலுள்ள பாராசாத்தில் குடியேறிய அவர் 1975இல் காலமானார். அத்தொலைநோக்கி வானியலாளர் வைணு பாப்புவிடம் சென்று, பின்னர் தமிழ்நாட்டின் காவலூரை அடைந்தது. இன்று பாராசாத் கொல்கத்தாப் பெருநகரின் ஒளிக்கூரைக்குள் அடங்கிவிட்டது. பட்டமும் ஆய்வகமும் இல்லாத ஒருவர் வீட்டு முற்றத்திலிருந்தே உலக அறிவியலுக்குப் பங்களிக்கும் வாய்ப்பை அங்கு இன்று பெறுவது மிகக் கடினம்.

உலக நிலவரம்

2016இல் வெளியான செயற்கை வான் ஒளிர்வு உலக வரைபடத்தின்படி, உலக மக்கள்தொகையில் 80 விழுக்காட்டுக்கும் அதிகமானோர் ஒளி மாசுற்ற வானின் கீழ் வாழ்கின்றனர். மூன்றில் ஒரு பங்கினருக்கும் மேல் பால்வீதியைக் காண இயலாது. 2011 முதல் 2022 வரை பொதுமக்கள் அளித்த 51,000க்கும் மேற்பட்ட அவதானிப்புகளைக் கொண்டு 2023இல் வெளியான ஆய்வு, வானம் ஆண்டுக்குச் சராசரியாக 9.6 விழுக்காடு வெளுத்துவருவதாகக் கணித்தது. 250 விண்மீன்கள் தெரியும் இடத்தில் பிறக்கும் குழந்தை, 18 வயதில் ஏறத்தாழ 100 விண்மீன்களையே காணும் என்பது அதன் பொருள். பெரும்பாலான தரவுகள் ஐரோப்பா, வட அமெரிக்காவிலிருந்து வந்தவை என்பதைக் கருத்தில் கொள்ள வேண்டும். செயற்கைக்கோள் அளவீடுகள் இதைவிடக் குறைந்த வளர்ச்சியையே காட்டின. இரவு ஒளியை அளக்கும் முக்கியக் கருவி 500 நானோமீட்டருக்குக் கீழான நீல ஒளியை உணராதது அதற்கு ஒரு காரணம்.

இந்தியாவில் லடாக்கின் ஹான்லே பகுதியில் 1,073 சதுர கிலோமீட்டர் பரப்பு 2022இல் இருள்வானக் காப்பகமாக அறிவிக்கப்பட்டது. மகாராஷ்டிரத்தின் பென்ச் புலிகள் காப்பகம் 2024 ஜனவரியில் சர்வதேச இருள்வானப் பூங்கா தகுதியைப் பெற்றது. ஜவ்வாது மலையின் காவலூரில் 2.34 மீட்டர் தொலைநோக்கி 1986 முதல் இயங்குகிறது. சுற்றுவட்டார ஊர்களின் வெளிச்சம் அங்கும் ஒரு கவலை. ஸ்லோவேனியா 2007இலும் பிரான்ஸ் 2018இலும் வெளிப்புற விளக்குகளுக்கு நாடு தழுவிய கட்டுப்பாடுகளைக் கொண்டுவந்தன.

கட்டுப்பாடுகள் கோருவது விளக்கை அணைப்பதை அன்று. ஒளி கீழ்நோக்கி மட்டும் விழும் மூடி, 3,000 கெல்வினுக்கு மிகாத இதமான நிறம், நள்ளிரவுக்குப் பின் மங்கச் செய்யும் அமைப்பு, தேவையான அளவு மட்டுமே வெளிச்சம் ஆகியவை இவற்றின் அடிப்படை. நீர்நிலைகளைச் சுத்திகரிக்கப் பல ஆண்டுகள் ஆகும். ஒளி மாசோ விளக்கைத் திருத்திய அதே இரவில் குறையும்.

தங்கள் பகுதி வானின் நிலையை அறிய விரும்புவோருக்குக் கருவி எதுவும் தேவையில்லை. நிலவற்ற இரவில், சூரியன் மறைந்து ஒன்றரை மணி நேரம் கழித்து, நேரடி விளக்கு படாத மொட்டைமாடியில் 20 முதல் 30 நிமிடங்கள் கைப்பேசியைப் பார்க்காமல் கண்ணை இருளுக்குப் பழக்க வேண்டும். குளிர்காலத்தில் ஓரியன் மண்டலத்தில், திருவாதிரைக்கு அருகே வரிசையாக உள்ள மூன்று மீன்களைத் தேடி, அவற்றைச் சுற்றி எத்தனை மீன்கள் தெரிகின்றன என்பதை எண்ண வேண்டும். 'குளோப் அட் நைட்' எனும் சர்வதேசத் திட்டத்தின் இணையதளத்தில் உள்ள வரைபடங்களுடன் அதனை ஒப்பிட்டு, இடத்தையும் நேரத்தையும் குறிப்பிட்டுப் பதிவு செய்யலாம். மேற்குறிப்பிட்ட 2023ஆம் ஆண்டு ஆய்வு இத்தகைய பதிவுகளிலிருந்தே உருவானது.