கொடும்பாளூர் அரண்மனையைக் காணோம்!

பொங்கல் லீவுக்கு அக்கா பையன் புதுக்கோட்டை வந்திருந்தான். பொன்னியின் செல்வன் ரெண்டு பாகமும் மனப்பாடம். "மாமா, வானதி ஊரு உங்க பக்கம்தானாமே, அரண்மனையைக் காட்டுங்க"ன்னு ஒரே நச்சரிப்பு. பைக்கில் ஏற்றிக் கொடும்பாளூர் கூட்டிப் போனேன். மூவர் கோயில் முன்னாடி இறங்கி நாலாபக்கமும் பார்த்தான்.

"அரண்மனை எங்க மாமா?"

நியாயமான கேள்விதான். அங்கே இருப்பது கோயில்கள் மட்டும். பூதி விக்கிரமகேசரி (அதாங்க, படத்தில் பிரபு நடித்த வேடம்) தன் பேரிலும், கற்றளி, வரகுணை என்ற தன் இரண்டு தேவியர் பேரிலும் எடுத்த மூன்று விமானங்கள் என்று அங்குள்ள வடமொழிக் கல்வெட்டு சொல்கிறது. இன்று நிற்பவை இரண்டு. மூன்றாவதற்கு அடித்தளம் மட்டும் மிச்சம். அரண்மனையும் இல்லை, கோட்டை வாசலும் இல்லை.

பையனுக்கு முகம் சுருங்கிப் போச்சு. "இவ்ளோதானா?" என்றான். அந்த ஒரு வார்த்தைதான் ரெண்டு நாளா என்னைக் குடைந்தது. அவன் மனசில் இருக்கும் சோழர் அரண்மனை எங்கிருந்து வந்தது?

நம்ம தலைமுறைக்கு அது மணியம் வரைந்தது. கல்கியில் 1950 முதல் 54 வரை தொடராக வந்தபோது அவர் போட்ட கொண்டையும் நகையும் தூணும்தான் நமக்குச் சோழ நாடு. அவன் தலைமுறைக்கு அது தோட்டா தரணி அமைத்தது. 2022லும் 2023லும் வந்த ரெண்டு பாகங்களுக்கும் அவர்தான் தயாரிப்பு வடிவமைப்பாளர். நாயகன் படத்துக்காகத் தாராவியைச் சென்னை ஸ்டுடியோவுக்குள் கொண்டுவந்து தேசிய விருது வாங்கிய மனிதர். அவர் கையில் குறை சொல்ல எனக்கு யோக்கியதை கிடையாது.

ஆனா ஒரு சின்ன வருத்தம் உண்டு. செட் போக, பல காட்சிகளை மத்தியப் பிரதேசத்தில் ஓர்ச்சா, குவாலியர், மகேஷ்வர் என்று போய் எடுத்தார்கள். ஓர்ச்சா 16ஆம் நூற்றாண்டில் பந்தேலா ராஜாக்கள் எழுப்பிய ஊர். கதை நடந்து ஐநூறு வருஷத்துக்கும் மேலே ஆன பிறகு! வளைவு வளைவா வாசல், மேலே கும்மட்டம். சோழர் கட்டடக்கலை அப்படிப்பட்டதல்ல. தூண், தூண் மேலே போதிகை, அதுக்கு மேலே உத்தரம். அவ்வளவுதான் கணக்கு.

சரி, பின்ன எதைப் பார்த்துச் செய்வார்கள் என்று கேட்பீர்கள். சோழர் அரண்மனை ஒன்றுகூட நிற்கவில்லையே? கல்லைச் சாமிக்கு வைத்துவிட்டு, ராஜா செங்கல்லிலும் மரத்திலும் குடியிருந்திருக்கிறார். கங்கைகொண்ட சோழபுரம் மாளிகைமேட்டைத் தோண்டியபோது கிடைத்தவை செங்கல் சுவர், கூரை ஓடு, இரும்பு ஆணி, மரத்தூணைத் தாங்கிய கருங்கல் அடிக்கல். ஓடும் ஆணியும் கிடைத்திருக்கிறது என்றால் மரச்சட்டம் போட்ட சாய்வான கூரை இருந்திருக்கிறது என்றுதானே அர்த்தம்? தஞ்சைப் பெரிய கோயிலில் நாயக்கர் ஓவியத்துக்கு அடியிலிருந்து 1931ல் வெளிவந்த சோழர் ஓவியத்திலும் தில்லைச் சபை கிட்டத்தட்ட மலையாளத்துக் கோயில் மாதிரிச் சாய்ந்த கூரையோடுதான் இருக்கிறது.

மலையாளம்னதும் ஞாபகம் வருது. நம்ம பூம்புகார்க்காரர் பி. கிருஷ்ணமூர்த்தி 'ஒரு வடக்கன் வீரகதா'வுக்கு (1989) கலை இயக்கம், உடை ரெண்டுக்குமே தேசிய விருது வாங்கினார். அங்கே பழைய மர வீடுகள் கண்ணெதிரே நின்றன. இங்கே சோழனுக்குச் செட் போடுகிறவருக்கு அந்தக் கொடுப்பினை இல்லை.

இல்லையா? இங்கதான் எங்க மாவட்டத்துப் பெருமையைக் கொஞ்சம் அடிச்சுக்கறேன், பொறுத்துக்குங்க. மறுநாள் பையனை ஆவுடையார்கோயிலுக்குக் கூட்டிப் போனேன். அந்தக் கோயில் கொடுங்கையைப் பற்றித் தெரியாத ஸ்தபதி கிடையாது. "என்ன வேணும்னாலும் செஞ்சு தர்றோம், ஆவுடையார்கோயில் கொடுங்கை நீங்கலாக" என்று ஒப்பந்தத்திலேயே எழுதுவார்களாம். அண்ணாந்து பார்த்தால் மரக்கூரை. கைமரம் வரிசையா இறங்குது, குறுக்கே சட்டம் ஓடுது, சட்டத்தில் ஆணிக் கொண்டைகூடத் தெரியுது. அத்தனையும் கருங்கல்! இந்த மண்டபங்கள் சோழருக்குப் பிந்தியவைதான், மறுக்கவில்லை. ஆனால் மரத்தில் கூரை வேய்ந்து கைப்பழக்கம் உள்ளவர்களைப் பார்த்தவன்தான் அதைக் கல்லில் இப்படிச் செதுக்க முடியும். அழிந்துபோன தமிழ்நாட்டு மரக்கூரைக்கு நம்மிடம் இருக்கும் நல்ல அச்சு இதுதான் என்பது என் எண்ணம்.

கூடவே சித்தன்னவாசலையும் சேர்த்துக்குங்க. 9ஆம் நூற்றாண்டு. ஆடும் பெண்ணின் கொண்டை, காதணி, வளையல், ராஜா தலைக் கிரீடம் எல்லாம் மங்கலாகவாவது இன்னும் இருக்கு. கூரைக்கு ஆவுடையார்கோயில், தலையலங்காரத்துக்குச் சித்தன்னவாசல், தூணுக்கும் போதிகைக்கும் மூவர் கோயில். மூணும் ஒரே மாவட்டத்துக்குள்ள.

கொடுங்கைக்குக் கீழே பையன் ரொம்ப நேரம் அண்ணாந்தபடி நின்றான்.

"மாமா, இது மரம்தானே?"

"தட்டிப் பார்க்க எட்டாதுடா. கல்லு."

"அப்ப வானதி வீட்ல மரத்துல இருந்துருக்கும்ல?"

"இருந்துருக்கும்."

போனை எடுத்து இருபது முப்பது படம் பிடித்துக்கொண்டான். மூவர் கோயிலில் ஒன்றுகூட எடுக்கவில்லை. திரும்பும்போது கொடும்பாளூருக்கு இன்னொரு தரம் போகணும் என்கிறான்.