ரமண மகரிசி ஆவணக் காட்சிகள்

ரமண மகரிசி ஆவணக் காட்சிகள் என்பவை, திருவண்ணாமலையில் வாழ்ந்த ரமண மகரிசியை (1879–1950) அவர் வாழ்நாளிலேயே படம்பிடித்த ஒலியற்ற படச்சுருள்கள் ஆகும். ரமணாசிரமம் இவற்றைத் தொகுத்து வெளியிட்டுள்ளது. பிற்கால ஆவணப்படங்களும் தொலைக்காட்சி நிகழ்ச்சிகளும் இவற்றையே எடுத்தாள்கின்றன. ஒளிப்படங்கள் பல உள்ளன. ஆனால் மகரிசியின் நடையையும் கையசைவையும் காட்டுபவை இச்சுருள்கள் மட்டுமே.

பிறர் எடுத்த காட்சிகளைக் கொண்டு படம் தொகுப்பதில் தமிழ்நாட்டின் முன்னோடி ஏ. கே. செட்டியார் ஆவார். காந்தியடிகளைப் பற்றிப் பல நாடுகளில் சுமார் 50,000 அடி படச்சுருளைத் திரட்டி, அதிலிருந்து ஏறத்தாழ 12,000 அடி நீளப் படத்தை 1940இல் வெளியிட்டார்.

ஓட்ட வேகம்

ஒலியற்ற படக்கருவிகள் பெரும்பாலும் நொடிக்கு 16 அல்லது 18 படச்சட்டங்களைப் பதிவு செய்தன. இந்தியத் தொலைக்காட்சியின் வேகம் 25 ஆகும். நொடிக்கு 16 வீதம் எடுத்த 10 நொடிக் காட்சியைத் திருத்தாமல் ஓட்டினால் 6.4 நொடியில் முடிந்துவிடும். பழைய படங்களில் மாந்தர் துள்ளி ஓடுவதுபோல் தெரிவது இதனால்தான். மகரிசியோ பிற்காலத்தில் மூட்டுவலியால் கைத்தடி ஊன்றி மெல்ல நடந்தவர். வேகம் திருத்தாத காட்சியில் நடப்பவர் வேறொருவராகவே தோன்றுவார்.

காலம் கணித்தல்

நாள் குறிக்கப்படாத சுருளுக்குக் காட்சியே சான்று தரவேண்டும். ஆசிரமத்தின் பழைய கூடம் 1928இல் கட்டப்பட்டது. 1949இல் மகரிசி புதிய கூடத்திற்கு மாறினார். அன்னையின் சமாதிமீது எழுந்த மாத்ருபூதேசுவரர் கோயிலின் திருப்பணி 1939இல் தொடங்கி, 1949 மார்ச்சில் குடமுழுக்கு நடந்தது. ஆகவே, பின்னணியில் கோயில் எந்த நிலையில் உள்ளது என்பதைக் கொண்டே பத்தாண்டு வரம்பிற்குள் காலத்தைக் குறுக்கலாம்.

மகரிசியின் இடக்கையில் தோன்றிய புற்றுக்கட்டிக்கு 1949 பெப்ரவரி முதல் அறுவை மருத்துவம் செய்யப்பட்டது. அக்கையில் கட்டுடன் தோன்றும் காட்சி அவரது இறுதி ஆண்டைச் சேர்ந்தது. கட்டு வலக்கையில் தெரிந்தால், படச்சுருள் இடவலம் மாறிப் படியெடுக்கப்பட்டுள்ளது என்று கொள்ளலாம். இத்தகைய பிழை கண்ணுக்கு எளிதில் புலப்படுவதில்லை. 1949 காட்சியை 1930களின் செய்திக்குத் துணையாகக் காட்டுவது அதைவிடப் பெரிய பிழையாகும். விரைவாகத் தொகுக்கப்படும் தொலைக்காட்சி நிகழ்ச்சிகளில் இவ்வகைப் பிழை நேர வாய்ப்பு மிகுதி.

ஒலி சேர்த்தல்

மகரிசியின் குரல் எந்தக் கருவியிலும் பதிவாகவில்லை. அவர் சொற்களை வேறொருவர் படிக்க, அதை அவர் முகத்தோற்றக் காட்சியின்மீது சேர்த்தால், அவரே பேசுவதாகப் பார்ப்பவர் மயங்கக்கூடும். ஆசிரமக் கூடத்தில் நாள்தோறும் வேதபாராயணம் நடந்தது உண்மை. எனினும், இன்று பதிவு செய்த பாராயணத்தை அக்காட்சியோடு இணைக்கும்போது, அது பின்னர்ச் சேர்த்த ஒலி என்பதைத் திரையிலேயே எழுத்தில் குறிப்பிடுதல் தகும். ஒலியே சேர்க்காமல் காட்சியை அப்படியே விடுவதும் உண்டு. மௌனத்தையே உயர்ந்த உபதேசமாகக் கொண்டவரின் படத்திற்கு அது பொருந்தாததன்று.