பாக்கு நீரிணையும் ஆழிக்குமரன் ஆனந்தனும்

தாராபுரம் முதலிய ஊர்களைக் கடந்து மன்னார்த் தீவின் வடமேற்கே செல்வோர், நிலத்தின் எல்லையில் தலைமன்னாரை அடைவர். அங்கிருந்து தனுஷ்கோடி ஏறத்தாழ 30 கிலோமீற்றர் தொலைவே. 1914 முதல் இவ்விரு துறைகளையும் கப்பற் சேவை இணைத்தது. 1964 டிசம்பரில் வீசிய புயல் தனுஷ்கோடியை அழித்தது. கப்பல் கைவிட்ட அந்தத் துறையை நோக்கி, இரண்டாண்டுகள் கழியுமுன்னரே ஒரு மனிதர் நீந்திச் சென்றார் என்பது ஈண்டுக் கருதத்தக்கது.

அவர் வங்காளத்தைச் சார்ந்த மிகிர் சென். 1966 ஏப்பிரலில் அவர் இக்கடலைக் கடக்க 25 மணி 36 நிமிடங்கள் ஆயின. சராசரியாக நோக்கின், மணிக்கு ஒரு கிலோமீற்றரைச் சற்றே விஞ்சிய வேகமாகும். தடாகத்தில் இளைஞர் எவரும் இதனினும் விரைந்து நீந்துவர். ஆயின், இங்கு எதிராளி காலமன்று; குறுக்கே ஓடி, கரையை நோக்குபவனைப் பக்கவாட்டில் இழுத்துச் செல்லும் நீரோட்டமே. எனவே, விரைவைக் கொண்டு இவ்வீரத்தை அளத்தல் பொருந்தாது.

மிகிர் சென்னுக்கு முன்னரே, 1954 மார்ச்சில், தொண்டைமானாற்றைச் சேர்ந்த மு. நவரத்தினசாமி வல்வெட்டித்துறையிலிருந்து கோடியக்கரைக்கு 27 மணி நேரம் நீந்திக் கடந்திருந்தார். இருவரும் இரு பருவக்காற்றுகளுக்கு இடைப்பட்ட அமைதிக் காலத்தையே தேர்ந்தனர். இது கடலோர மக்களின் நெடுங்கால அறிவோடு இயைந்ததாகும்.

இவ்வரிசையில் வல்வெட்டித்துறை வி. எஸ். குமார் ஆனந்தனின் இடம் தனித்தது. வழக்கறிஞரான அவர், 1971ஆம் ஆண்டு இலங்கையிலிருந்து இந்தியாவிற்கு நீந்தி, மீண்டும் நீந்தியே திரும்பினார். இதற்கு 51 மணி நேரம் ஆயிற்று. கரையை அடைதல் ஒரு வெற்றி. அடைந்த கரையை விட்டுச் சோர்ந்த உடலோடு மீண்டும் கடலில் இறங்குதல் வேறொரு மனவுறுதி. 1979இல் கொழும்பில் 187 மணி நேரத்திற்கும் மேலாக இடையறாது மிதிவண்டி ஓட்டியமையும் அவ்வுறுதியின் மறுவடிவமே. அவரது முயற்சிகளனைத்தும் 'மனிதவுடல் எத்துணை நேரம் தாங்கும்?' என்ற ஒரே வினாவிற்கு விடை தேடின எனலாம்.

1984 ஆகஸ்டில் ஆங்கிலக் கால்வாயைக் கடக்க முயன்றபோது அவர் உயிர்நீத்தார். நீளத்தில் அக்கால்வாய் தலைமன்னார்க் கடலினும் பெரிதும் வேறுபட்டதன்று. குளிரிலோ முற்றும் வேறானது. வெப்பக் கடலில் வளர்ந்த உடலுக்கு அது புதிய களமாகும்.

பின்னர், 1994இல் தமிழகச் சிறுவன் குற்றாலீசுவரன் பாக்கு நீரிணையைக் கடந்து, அவ்வாண்டிலேயே ஆறு நீர்வழிகளை நீந்தி, 1966இல் ஐந்தைக் கடந்த மிகிர் சென்னின் சாதனையை விஞ்சினான். சாதனைகள் இவ்வாறு முறியடிக்கப்படுவது இயல்பே. ஆயினும், முன்னோடிகளை மறந்து இறுதி எண்ணை மட்டும் போற்றுவது வரலாறாகாது. நவரத்தினசாமி வழிகாட்டினார், ஆனந்தன் சென்று மீண்டார். இருகரைத் தமிழரும் ஒருங்கே உரிமை பாராட்டத்தக்க இவ்விருவரும் நம் விளையாட்டு வரலாற்றில் உரிய இடத்தைப் பெறுதல் வேண்டும்.