கோப்பி நாவலும் கொழுந்துக் கூடையும்

1860ஆம் ஆண்டு ஒல்லாந்து மொழியில் ‘மக்ஸ் ஹவலார்’ என்றொரு நாவல் வெளிவந்தது. ‘முல்தாதூலி’ என்ற புனைபெயரில் அதை எழுதியவர், ஜாவாவில் ஒல்லாந்த ஆட்சியின் அதிகாரியாக இருந்தவர். கோப்பி வியாபாரத்தின் பின்னால் அத்தீவின் குடியானவர் பட்ட துயரை அந்நூல் அம்பலப்படுத்தியது. அந்நாளில் நமது மலைநாட்டுக் கோப்பித் தோட்டங்களிலும் தமிழகத்திலிருந்து வந்த தொழிலாளர் வியர்வை சிந்திக்கொண்டிருந்தனர்.

1988இல், நியாயவிலை கொடுத்து வாங்கிய கோப்பிக்கென நெதர்லாந்தில் ஒரு முத்திரை பிறந்தது. அந்த நாவலின் நாயகன் பெயரையே அதற்கு இட்டார்கள். பின்னர் சொக்கலேற்றுக்கும் தேயிலைக்கும் நியாய வணிகம் பரவியது. தேயிலைத் தோட்டமாயின், விலைக்கு மேலாகக் கிடைக்கும் பணத்தின் செலவைத் தொழிலாளர் தெரிந்தெடுத்த குழுவே தீர்மானிக்க வேண்டும் என்பது அதன் விதி.

நல்ல விதிதான். ஆனால் நமது மீரியபெத்தயை எண்ணிப் பாருங்கள். மண் சரியும் அபாயம் பற்றி 2005இலும் 2011இலும் எச்சரிக்கப்பட்டது. சொந்தக் காணியற்ற சனங்கள் லயன்களிலேயே இருந்தனர். 2014 ஒக்டோபர் 29ஆம் திகதி காலை மலை இறங்கிவந்து அந்த லயன்களை மூடிற்று.

தேயிலையின் நியாயவிலை எது? கொழுந்து பறிப்பவளின் கூலியோடு, மழை இரவில் அவள் அச்சமின்றித் துயிலும் கூரைக்கும் அதில் பங்கு வேண்டும். சி.வி. வேலுப்பிள்ளை தோட்ட மக்களின் துயரை ஆங்கிலத்திலேயே உலகுக்குச் சொன்னார். மீரியபெத்தயின் கதையையும் நாம் சொல்லியாக வேண்டும்.